ஒரு பிரதி என்னிடம் இருக்கட்டும்

அன்பு மகளுக்கு,

பரிசோதனைப் படங்கள் எடுத்த அமெரிக்கர் ஜாக் ஸ்மித்தைப் பற்றிப் படியுங்கள் அப்பா என்று போன மாதம் சொன்னாய். படித்தேன். நீ எடுத்த படத்தை மறுபடியும் எடிட்டிங்கில் வெட்டிக்கொண்டிருப்பதாக நேற்று சொன்னதும் அவர் நினைவுதான் வந்தது. போனில் பேசினால் பாதியில் பேச்சு மாறிவிடும், அதனால் எழுதுகிறேன்.

முதலில் என்னைப் பிடித்து நிறுத்தியவை அவருடைய போட்டோக்கள். 1962இல் வந்த 'தி பியூட்டிஃபுல் புக்' புத்தகத்தில் காண்டாக்ட் பிரிண்டுகளைக் கையாலேயே ஒட்டியிருக்கிறார்கள். நெகட்டிவ் என்ன அளவோ, படமும் அதே அளவு. இருபது வருஷம் டார்க் ரூமில் நின்றவனுக்கு அதன் துணிச்சல் தெரியும். பெரிதாக்கும்போது ஓரத்தை நறுக்கித் தப்பைச் சரிசெய்யும் வழியே அதில் கிடையாது. எடுக்கும்போதே ஃபிரேம் சரியாக விழுந்தாக வேண்டும்.

அப்புறம் 'ஃபிளேமிங் கிரீச்சர்ஸ்'. நியூயார்க்கில் ஒரு பழைய தியேட்டரின் மொட்டை மாடியில், தேதி கடந்த ஃபிலிமில் எடுத்த படம். அப்படிப்பட்ட ஃபிலிமை நாங்கள் குப்பையில் போடுவோம். கறுப்பு கறுப்பாக விழாது, பால் கலந்ததுபோல் வெளுத்துப்போகும். அவர் அந்த வெளுப்பையே படத்தின் நிறமாக்கிக்கொண்டார். பெண் வேடமிட்ட ஆண்கள், சரிகைத் துணி, லிப்ஸ்டிக் எல்லாம் பனிக்குள்ளிருந்து மிதந்து வருகின்றன. கையில் காசில்லாதவன் கையில் கிடைத்ததை வைத்து இவ்வளவு அழகைச் செய்திருக்கிறானே என்று வெகுநேரம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

1964 மார்ச்சில் போலீஸ் அந்தப் படத்தைப் பறிமுதல் செய்தது. திரையிட்ட ஜோனாஸ் மேக்காஸும் கென் ஜேக்கப்ஸும் கைதானார்கள், ஆபாசம் என்று தீர்ப்பும் வந்தது. ஸ்மித் எடுக்க நினைத்ததோ நகைச்சுவைப் படம். முதலில் பார்த்தவர்கள் சிரித்தார்களாம், அப்புறம் யாருக்கும் சிரிப்பு வரவில்லை.

அந்தப் படத்துக்குப் பின் எந்தப் படத்தையும் 'இதுதான் முடிவு' என்று அவர் கொடுக்கவே இல்லை. படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே ரீலைக் கழற்றி வெட்டி ஒட்டுவார், இசைத்தட்டை மாற்றுவார். ஒவ்வொரு இரவும் வேறு படம். அதைப் பெரிய கலை என்கிறார்கள். கலைதான். ஆனால் அதற்குள் ஒரு காயமும் எனக்குத் தெரிகிறது. முடித்துக் கொடுத்தால்தானே பறித்துக்கொண்டு போவார்கள்?

உன் முதல் திரையிடலில் சிலர் பாதியில் எழுந்து போனார்களே, நீ வெட்ட ஆரம்பித்தது அதன் மறுநாள்தான். இது ஆறாவது முறை. வேண்டாம் என்று சொல்லமாட்டேன் அம்மா, உன் கண் உனக்கு. ஆனால் ஒவ்வொரு முறையும் பழையதை அழித்துவிட்டு அதன் மேலேயே வேலை செய்கிறாய் என்பதுதான் என் தூக்கத்தைக் கெடுக்கிறது.

ஸ்மித் 1989இல் எய்ட்ஸ் நோயால் இறந்தபோது வயது 56. வீட்டில் கிடந்த ரீல்களையும் நெகட்டிவ்களையும் மேடைக் கலைஞர் பென்னி ஆர்கேடும் சினிமா விமர்சகர் ஹோபர்மனும் காப்பாற்றி வைத்தார்கள். அதனால்தான் இன்று நீயும் நானும் அவரைப் பற்றிப் பேசிக்கொள்ள முடிகிறது.

இனிமேல் வெட்டுவதற்கு முன்னால் அன்றன்றைக்கு இருப்பதை அப்படியே ஒரு பிரதி எடுத்து எனக்கு அனுப்பு. தேதி எழுதி வைத்துக்கொள்கிறேன், யாருக்கும் காட்டமாட்டேன்.

இரண்டாவது முறை வெட்டியதில், இருட்டுச் சுவரிலிருந்து ஒரு கை மெதுவாக வெளியே வருமே, அது இன்னும் உன்னிடம் இருக்கிறதா?

அன்புடன்,
அப்பா