மேசையைத் திருப்பினால் மனமும் திரும்புமா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பிதழில், வெளியை, அதாவது பொருள்கள் இருக்கும் இடப்பரப்பைப் பற்றிய எண்ணங்கள் மனிதச் சிந்தனையை எவ்வாறு வடிவமைக்கின்றன என்று விளக்கிய கட்டுரையை இருமுறை படித்தேன். இப்படியொரு பொருளுக்கு ஒரு நாளிதழ் முழுப் பக்கம் ஒதுக்குவது அரிது. அதற்கு முதலில் என் நன்றி. ஆனால், ஒருவர் இடத்தையும் திசையையும் எப்படி எண்ணுவார் என்பதை அவருடைய தாய்மொழியே தீர்மானித்துவிடுகிறது என்று கட்டுரையாளர் கண்ட முடிவு, அவரே எடுத்துக்காட்டும் சான்றுகளைக் கொண்டு பார்த்தாலும் நிற்கவில்லை. வடிவியல் கற்பித்தே காலம் கழித்த ஓர் ஓய்வுபெற்ற ஆசிரியன் என்ற முறையில், அந்த முடிவில் விடுபட்டதைச் சொல்ல விரும்புகிறேன்.

கட்டுரையாளர் பெரிதும் நம்பியிருப்பது மேசைச் சோதனையை. ஒரு மேசையில் சில பொம்மைகள் வரிசையாக வைக்கப்பட்டிருக்கும். அதைப் பார்த்து மனத்தில் பதித்துக்கொண்டவர் 180 பாகை திரும்பி, எதிரே உள்ள இன்னொரு மேசையில் அதே வரிசையை அமைக்க வேண்டும். இடம் வலம் என்று நினைவில் வைத்திருப்பவர் இடப்பக்கம் இருந்ததை மீண்டும் இடப்பக்கமே வைப்பார். வடக்கு தெற்கு என்று நினைவில் வைத்திருப்பவர் வடக்கே இருந்ததை வடக்கேதான் வைப்பார், அது இப்போது அவருடைய வேறொரு கைப்பக்கமாக இருந்தாலும். டச்சு மொழியினர் பெரும்பாலும் முதல் வகையாகவும், மெக்சிகோவின் ட்சேல்ட்டால் மொழியினர் பெரும்பாலும் இரண்டாம் வகையாகவும் விடையளித்தனர் என்பது உண்மையே. ட்சேல்ட்டால் மொழியினர் தங்கள் மலைச்சரிவை வைத்தே தெற்கை 'மேட்டுப்பக்கம்' என்றும் வடக்கைப் 'பள்ளப்பக்கம்' என்றும் சொல்கிறார்கள். மேல் என்பதிலிருந்து மேற்கையும், கீழ் என்பதிலிருந்து கிழக்கையும் பெற்ற நமக்கு இது ஒன்றும் விந்தையாகத் தோன்ற வேண்டியதில்லை.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. 2002-ஆம் ஆண்டில் லீ, கிளைட்மன் என்ற இரு ஆய்வாளர்கள் அமெரிக்க மாணவர்களிடமே இந்தச் சோதனையை மாற்றி நடத்தி, மேசைமீது ஓர் அடையாளப் பொருளை வைத்ததும் அதே மொழி பேசுபவர்களின் விடை மாறுவதைக் காட்டினார்கள். முதலில் மேசைச் சோதனையை நடத்திய லெவின்சன் குழுவினர் அதே ஆண்டில், அவ்விருவரின் மாற்றிய சோதனை வேறொன்றைத்தான் அளந்தது என்று மறுத்தார்கள். இந்த வழக்கு இன்றும் முழுமையாகத் தீரவில்லை. கட்டுரையில் இதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. அதைவிட வியப்பு, தமிழ் வாசகர்களுக்காக எழுதும்போது தமிழர்களிடமே நடந்த ஆய்வை அவர் விட்டுவிட்டது. எரிக் பெடர்சன் 1995-இல் வெளியிட்ட ஆய்வின்படி, தமிழில் இரண்டு வழக்கும் இருக்கின்றன. கிராமப்புறத்தில் திசைச்சொல்லும் நகர்ப்புறத்தில் இடம் வலமும் ஓங்கி நிற்கின்றன. மேசைச் சோதனையின் விடைகளும் ஏறத்தாழ அதே கோட்டில் பிரிகின்றன. மொழி ஒன்றே, விடை இரண்டு. தாய்மொழிதான் எல்லாவற்றையும் தீர்மானிக்கிறது என்றால் இதை எப்படி விளக்குவது?

கட்டுரையைப் படித்த அன்று மாலை என் வீட்டிலேயே இதைச் செய்து பார்த்தேன். கிழக்கு நோக்கி உட்காரும்படி ஒரு மேசை. அதில் இடமிருந்து வலமாகச் சதுரங்க யானை, குதிரை, சிப்பாய். பேத்தி பார்த்தாள், திரும்பினாள், அடுத்த மேசையில் யானையை மறுபடியும் இடது ஓரத்திலேயே வைத்தாள். பிறகு என் அக்கா. அவரும் பார்த்தார், திரும்பினார், சற்றும் யோசிக்காமல் யானையை வலது ஓரத்தில் வைத்தார். பேத்தி "தப்பு" என்று கூவினாள். அக்காவுக்குக் கோபம் வந்துவிட்டது. "யானை வடக்கு ஓரத்துலதானே இருந்துச்சு? இப்பவும் வடக்கு ஓரத்துலதானே வச்சிருக்கேன்?" என்றார். இருவர் சொன்னதும் சரி. ஒரே குடும்பம், ஒரே மொழி, ஒரே மூன்று காய்கள். இரண்டு பேரை வைத்து அறிவியல் செய்ய முடியாது என்பது எனக்குத் தெரியும். ஆனால் இருவரும் தத்தம் விடையை 'ஒரு முறை' என்று கருதாமல் 'உள்ளது உள்ளபடி' என்றே கருதியதுதான் என் மனத்தில் நின்றது. தத்துவத்தில் நிகழ்ந்த பல தகராறுகள் இந்த மேசையைச் சுற்றி நிகழ்ந்தவையே என்று எனக்குத் தோன்றுகிறது.

சிந்தனைக்கு வெளி கடன் கொடுக்கிறது. கடனோடு தன் நிபந்தனைகளையும் ஓசையின்றிச் சேர்த்துவிடுகிறது. நான் சொல்ல வருவது இவ்வளவுதான். தருக்கத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 'எல்லா அ-வும் ஆ, எல்லா ஆ-வும் இ, ஆகவே எல்லா அ-வும் இ' என்பதை மாணவர்களுக்குப் புரியவைக்க நாங்கள் வட்டத்துக்குள் வட்டம் போடுவோம். கணித அறிஞர் ஆய்லர் 1760-களின் தொடக்கத்தில் ஓர் இளவரசிக்கு எழுதிய கடிதங்களில் இப்படித்தான் விளக்கினார். 1880-இல் தருக்க அறிஞர் வென் அதைச் செம்மைப்படுத்தினார். பெட்டிக்குள் பெட்டி இருந்தால் உள்ளே இருக்கும் முத்து வெளிப்பெட்டிக்குள்ளும் இருக்கும் என்ற கண்ணறிவைத்தான் அந்த முடிவு இரவல் வாங்குகிறது. மூன்று கணங்கள், அதாவது மூன்று தொகுதிகள், வரை எந்தச் சிக்கலும் இல்லை. மூன்று வட்டங்கள் தளத்தை 8 பகுதிகளாகப் பிரிக்கும், ஒவ்வொரு கணத்திலும் இருப்பது, இல்லாதது என்ற எல்லாச் சேர்க்கைகளுக்கும் தேவைப்படுவதும் எட்டே. நான்காவது கணத்துக்கு 16 பகுதிகள் வேண்டும். ஆனால் நான்கு வட்டங்களை எப்படிப் போட்டாலும் அதிகபட்சம் 14 பகுதிகள்தான் கிடைக்கும். ஆண்டுதோறும் ஒரு மாணவனாவது கரும்பலகையருகே நின்று, வட்டத்தைப் பெரிதாக்கியும் சிறிதாக்கியும் நகர்த்தியும் பார்த்துவிட்டு, "அப்படியொரு சேர்க்கை கிடையாது, ஐயா" என்று சொல்லியிருக்கிறான். கணங்களில் அந்தச் சேர்க்கைக்கு எந்தத் தடையும் இல்லை. தடை வட்டத்தில்தான் இருக்கிறது. வென் நீள்வட்டங்களுக்கு மாறியது அதனால்தான். படத்தின் இயலாமையைப் பொருளின் இயலாமையாக எண்ணிக்கொண்ட அந்த மாணவனை நான் ஒருநாளும் கடிந்துகொண்டதில்லை. அவனைவிடப் பெரியவர்கள் அதே இடத்தில் இடறியிருக்கிறார்கள்.

காலத்தைப் பற்றிய நம் பேச்சிலும் இந்த இரவல் உண்டு. இங்கே ஐந்திணையைச் சொல்லிப் பெருமைப்பட்டுக்கொள்வது எளிது. நாள்தோறும் நாம் வாயில் போட்டு மெல்லும் 'முன்' என்ற சொல் அதைவிட அருகில் கிடக்கிறது. முன்னோர் என்றால் நமக்கு முற்பட்டவர்கள், கடந்துபோனவர்கள். முன்னேற்றம் என்றாலோ இனி வரப்போவதை நோக்கிய நடை. ஒரே 'முன்' இறந்தகாலத்தையும் எதிர்காலத்தையும் காட்டுவது எப்படி? இரண்டு படங்கள் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடப்பதால்தான். ஒன்றில் நிகழ்ச்சிகள் வரிசையாகச் செல்கின்றன. முதலில் போனது முன்னே, அடுத்தது பின்னே. மற்றதில் வழிநடப்பவர் நாம். நம் முகம் நோக்கும் பக்கம் இனி வருவது. 'எதிர்காலம்' என்ற சொல் இந்த இரண்டாவது படத்தைச் சேர்ந்தது. காலம் நமக்கு எதிரே நிற்கிறது அல்லது எதிர்கொண்டு வருகிறது. ஆண்டீஸ் மலைப்பகுதியில் பேசப்படும் அய்மாரா மொழியில் கடந்த காலம் கண்முன்னும் வருங்காலம் முதுகுப்புறமும் இருப்பதாக வழங்குகிறது. 2006-இல் வெளியான நூன்யெஸ், சுவீட்சர் ஆகியோரின் ஆய்வு, அம்மொழி பேசும் முதியவர்கள் கையசைவிலும் அப்படியே காட்டுவதைப் பதிவுசெய்தது. நடந்ததைப் பார்த்தாயிற்று, ஆகவே அது கண்முன். நடக்காததைப் பார்க்கவில்லை, ஆகவே அது முதுகின் பின். இதில் குறைசொல்ல ஒன்றுமில்லை. ஆனால் ஒன்று கவனிக்கத்தக்கது: 'காலம் ஓடுகிறதா, நாம் ஓடுகிறோமா' என்று நூற்றாண்டுகளாக நடக்கும் வாதத்தில் எவ்வளவு காலத்தைப் பற்றியது, எவ்வளவு இந்த இரு படங்களைப் பற்றியது?

நம் 'வடக்கு ஓரம்' சண்டையின் பெரிய வடிவம் 1715-16-இல் ஜெர்மானியத் தத்துவ அறிஞர் லைப்னிட்ஸுக்கும் நியூட்டன் சார்பில் வாதாடிய சாமுவேல் கிளார்க்குக்கும் இடையே கடிதங்களில் நடந்தது. வெளி என்பது பொருள்களெல்லாம் இருக்கும் ஒரு கொள்கலன் என்றால், கடவுள் உலகம் முழுவதையும் கிழக்கு மேற்காக மாற்றி வைத்திருக்கலாம்; அப்படி வைத்திருந்தால் என்ன வேறுபாடு என்று கேட்டார் லைப்னிட்ஸ். ஒரு வேறுபாடும் இல்லை, ஆகவே வெளி என்பது பொருள்களுக்கு இடையிலான ஒழுங்கே தவிரத் தனிப்பொருள் அன்று என்பது அவர் வாதம். 1768-இல் இன்னொரு ஜெர்மானியத் தத்துவ அறிஞர் காண்ட் இதற்கு நம் இரண்டு கைகளைக் கொண்டு பதில் சொன்னார். இடக்கையிலும் வலக்கையிலும் விரல்களின் நீளமும் கோணமும் இடைவெளியும் ஒன்றே. ஒன்றுக்கொன்று உள்ள உறவுகளை மட்டும் எழுதிவைத்தால் இரண்டு பட்டியலும் ஒன்றாகவே இருக்கும். ஆனாலும் வலக்கை உறையை இடக்கையில் போட முடியாது. உறவுகளுக்கு அப்பால் ஏதோ மிஞ்சுகிறது. இதே காண்ட் 1786-இல் எழுதிய ஒரு கட்டுரையில் இருட்டறை ஒன்றைக் காட்டுகிறார். பழகிய அறைதான், ஒரு பொருளைத் தொட்டுவிட்டால் மற்றதெல்லாம் எங்கே என்று தெரிந்துவிடும். ஆனால் யாரோ விளையாட்டாக இடப்பக்கம் இருந்ததையெல்லாம் வலப்பக்கம் மாற்றி வைத்திருந்தால், பொருள்களின் ஒழுங்கு எனக்கு உதவாது. என் உடலிலேயே இருக்கும் இடம் வலம் என்ற உணர்வுதான் வழிகாட்ட வேண்டும். அங்கிருந்து அவர், காணமுடியாதவற்றைப் பற்றி எண்ணும்போது அறிவு எதைத் தொட்டுத் திசை அறிகிறது என்ற கேள்விக்குப் போகிறார். உருவகத்தைத் தெரிந்தே கையாள்வது என்றால் இப்படித்தான் என்று நான் நினைப்பேன்.

அந்தக் காண்டே இடறிய இடமும் உண்டு. வெளி என்பது வெளியே கிடக்கும் பொருள் அன்று, நாம் எதையும் காண்பதற்கு மனம் கொண்டிருக்கும் வடிவம் என்று 1781-இல் நிறுவியவர், அந்த வடிவம் யூக்ளிடின் வடிவியல்தான் என்பதைக் கேள்விக்கு உட்படுத்தவில்லை. கோட்டுக்கு வெளியே உள்ள புள்ளி வழியே ஒரே ஓர் இணைகோடுதான் செல்லும் என்பது அன்று எல்லாருக்கும் காகிதத்தில் கண்ட உண்மை. கணித அறிஞர்களான லோபசெவ்ஸ்கி 1829-இலும் போல்யாய் 1832-இலும், ஒன்றுக்கு மேற்பட்ட இணைகோடுகள் இருந்தாலும் முரண்பாடு எழாத வடிவியலை வெளியிட்டார்கள். 1854-இல் ரீமான், வளைந்த வெளிகளையும் அவற்றின் அளவை முறையையும் ஒரே சொற்பொழிவில் திறந்துவைத்தார். 1915-இல் ஐன்ஸ்டைன் அந்தக் கணிதத்தைக் கொண்டே ஈர்ப்பை எழுதினார். கட்டுரையாளரின் முடிவு இங்கேயும் தடுமாறுகிறது. யூக்ளிடின் வெளியை விட்டு வெளியேறிய இவர்களில் எவரும் அதற்காகப் புதிய தாய்மொழி கற்கவில்லை. பழைய படத்தைப் படம் என்று கண்டுகொண்டார்கள், அவ்வளவுதான்.

மூளையைப் பற்றிக் கட்டுரை சொன்னவை பெரும்பாலும் சரியே. மூளை ஆய்வாளர் ஓக்கீஃப் 1971-இல் எலிகளிடம் கண்ட, எலி ஒரு குறிப்பிட்ட இடத்தில் இருக்கும்போது இயங்கும் இட உயிரணுக்களும், மோசர் இணையர் குழு 2005-இல் அறிவித்த அறுகோண வலைபோல் இயங்கும் உயிரணுக்களும் 2014-இன் நோபல் பரிசைப் பெற்றன. எலிக்குஞ்சுகள் கூட்டைவிட்டு முதன்முதலாக வெளியே வரும் நாட்களிலேயே இந்த ஏற்பாட்டின் சில உறுப்புகள் வேலை செய்யத் தொடங்கியிருப்பதை 2010-இல் இரு குழுக்கள் காட்டின. எலிக்குத் தாய்மொழி கிடையாது என்பதைக் கட்டுரையாளர் சற்று எண்ணிப் பார்த்திருக்கலாம்.

இன்னொரு குறை. 'இந்தியத் தத்துவத்தில் வெளி என்றால் ஆகாயம்' என்று ஒரே வரியில் கடந்துவிட்டார். வைசேடிகம் என்ற தத்துவ நெறி ஒன்பது திரவியங்களில், அதாவது அடிப்படைப் பொருள்களில், ஆகாயத்தையும் திக்கையும் தனித்தனியாக எண்ணுகிறது: ஆகாயம் ஒலிக்கு இருப்பிடம்; அருகில், தொலைவில், கிழக்கில் என்ற அறிவுகளுக்குக் காரணம் திக்கு. சமணமோ பொருள்களுக்கு இடம் தருவதை ஆகாயத்தின் வேலையாக வைத்து, உயிர்களும் பொருள்களும் உள்ள உலகாகாயத்தை அதற்கு அப்பாலுள்ள வெறும் ஆகாயத்திலிருந்து பிரிக்கிறது. இயக்கத்துக்கும் நிலைக்கும் வேறு இரண்டு திரவியங்களைத் துணையாக வைக்கிறது. கட்டுரைக்கு அடுத்த பகுதி உண்டு என்று குறிப்பிட்டிருப்பதால், அங்கேனும் இவற்றைப் பிரித்துச் சொல்லலாம்.

கடைசியாக, கட்டுரையோடு வந்த படம். இரண்டாவது மேசையில் இருப்பவரும் முதல் மேசையில் இருப்பவரைப் போலவே வாசகரை நோக்கி அமர்ந்திருக்கிறார். அவர் திரும்பவே இல்லை என்றால் இரு வகை விடைகளும் ஒன்றாகிவிடும், சோதனையே இல்லை. அடுத்த வாரம் அந்தப் படத்தை மட்டுமாவது சரிசெய்து வெளியிடுங்கள்; இரண்டாமவர் முதுகைக் காட்டியபடி அமர்ந்திருக்கட்டும்; இரண்டு மேசைகளுக்கும் நடுவில் வடக்கைக் காட்டும் ஓர் அம்புக்குறி இருக்கட்டும். என் பேத்தியிடமும் அக்காவிடமும் காட்ட எனக்கு அது தேவைப்படுகிறது.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற கணித ஆசிரியர்