ஆல்பத்தைக் கேட்டால் ஆல்பத்தைப் போடுங்கள்

இசைச் செயலி நிர்வாகத்தினருக்கு,

வணக்கம். வருடச் சந்தா கட்டியவன் எழுதுகிறேன். விஷயம் உங்களுக்குத் தெரிந்ததுதான்: ஒரு ஆல்பத்தைப் போட்டால் உங்கள் செயலி பாட்டு வரிசையைக் கலைக்கிறது, நடுவில் வேறு பாட்டையும் நுழைக்கிறது. மூன்று முறை புகார் அனுப்பியாயிற்று. மூன்றுக்கும் "உங்கள் கருத்து எங்களுக்கு முக்கியம்" என்று ஒரே பதில்.

போன ஞாயிறு இரவு ரேடியோஹெட் என்ற இங்கிலாந்து ராக் குழுவின் 'கிட் ஏ' ஆல்பத்தைப் போட்டேன். 1997-இல் அவர்களுடைய 'ஓகே கம்ப்யூட்டர்' ஆல்பம் உலகத்தையே கட்டிப்போட்ட பிறகு, அதே மாதிரி இன்னொன்று செய்யாமல், மூன்று கிதார் வைத்திருந்த குழு அவற்றை ஓரங்கட்டிவிட்டு 2000-இல் கொண்டுவந்த ஆல்பம். முதல் பாட்டில் கிதாரே கிடையாது. கீபோர்டு சுற்றிச் சுற்றி வரும். பாடகர் தாம் யார்க்கின் குரலைத் துண்டு துண்டாக வெட்டிப் போட்டிருப்பார்கள். விளக்கை அணைத்துவிட்டு ஹெட்போனோடு உட்கார்ந்திருந்தேன். பாட்டு முடிந்தது. அடுத்து 'க்ரீப்'! 1993-இல் வந்த அவர்களுடைய முதல் ஆல்பத்துப் பாட்டு. குழுவின் கிதார்காரர் ஜானி கிரீன்வுட்டின் கிதார் கரக் கரக்கென்று காதைக் கிழித்தது. கேட்டால், "உங்களுக்குப் பிடிக்கும் என்று சேர்த்தோம்" என்கிறது திரை.

அந்த முதல் பாட்டின் பெயர் 'எவ்ரிதிங் இன் இட்ஸ் ரைட் பிளேஸ்'. எல்லாம் அதனதன் இடத்தில். உங்கள் செயலிக்கு நகைச்சுவை உணர்வு அதிகம்.

'ட்ரூ லவ் வெயிட்ஸ்' இதே குழு 1995-லேயே மேடையில் கிதாரோடு பாடிய பாட்டு. ஸ்டுடியோ ஆல்பத்துக்குள் வர 2016 ஆனது. ஒன்பதாவது ஆல்பத்தின் கடைசிப் பாட்டாக, கிதார் போய் பியானோவோடு வந்தது. இருபத்தொரு வருடம் காத்திருந்த பாட்டை நீங்கள் இரண்டாவதாகத் தள்ளிவிடுகிறீர்கள். அந்த ஆல்பத்தின் வரிசையே வெறும் அகரவரிசைதானே என்று உங்கள் ஆட்கள் யாராவது சொல்லலாம். சரி. ஆனால் அது அவர்கள் போட்ட வரிசை.

கேசட்டில்கூட ஏ பக்கம் முடிந்தால் பி பக்கம்தான் வந்தது. 2007-இல் 'இன் ரெயின்போஸ்' ஆல்பத்துக்கு என்ன விலை கொடுப்பது என்பதைக் கேட்பவர்களிடமே விட்டார்கள் இவர்கள். காசு விஷயத்திலேயே நம்பினார்கள். அடுத்த பாட்டு எது என்பதில்கூட நீங்கள் என்னை நம்பவில்லை. உங்கள் சந்தாவையும் என் இஷ்டத்துக்கு விட்டிருந்தால் என்ன கட்டியிருப்பேன் என்பதைச் சொல்லாமல் விடுகிறேன்.

கோபத்தில் எங்கோ போய்விட்டேன், மன்னியுங்கள். 2021-இல் பாடகி அடேல் கேட்டதும் வேறொரு நிறுவனம் ஆல்பத்தில் ஷஃபிளை, அதாவது பாட்டுகளைக் கலைத்துப் போடுவதை, முன்னிறுத்துவதை நிறுத்தியது. நான் அடேல் இல்லைதான். இருந்தாலும் தயவுசெய்து, ஆல்பத்தைத் தொட்டால் முதல் பாட்டிலிருந்து கடைசிப் பாட்டு வரை அந்த ஆல்பத்தையே போடுங்கள். என் சந்தா அடுத்த மாதம் முடிகிறது.

இப்படிக்கு,
'கிட் ஏ'வின் இரண்டாவது பாட்டுக்குக் காத்திருக்கும் ஒருவன்