ஊமைமடுவில் பூதம் இல்லை: ஒரு நன்றி மடல்

எல்லோருக்கும் வணக்கம். ஊமைமடு கதையின் கடைசி அத்தியாயத்தை நேற்று ராத்திரி எழுதி முடித்துவிட்டேன். பாதியில் விட்ட கதைகள் என் மேஜை டிராயர் நிறையக் கிடப்பதால் 'முடித்தேன்' என்று இன்னொரு தடவை எழுதிப் பார்த்துக்கொள்கிறேன். முடித்தேன்.

படிக்காதவர்களுக்கு: ஊமைமடு என்பது நான் கற்பனையில் கட்டிய நாட்டின் தெற்குக் கோடியில், அணைந்துபோன எரிமலையின் வாய்க்குள் கிடக்கும் ஏரி. கரையில் புல் முழங்கால் உயரம் நிற்கும், மேய ஒரு மாடு இருக்காது, தவளை கத்தாது. எத்தனையோ வருஷத்துக்கு ஒருமுறை, கீழே பள்ளத்தாக்கில் ஒரு ஊர் ராத்திரி படுத்தால் காலையில் எழுந்திருக்காது. அன்றைக்கு ஏரித் தண்ணீர் செம்மண் கரைத்த மாதிரி இருக்கும்.

முதலில் நான் எழுதியதில் ஏரிக்குள் ஏழு தலைப் பூதம் ஒன்று இருந்தது. அக்காதான் படித்துவிட்டு, "பூதம் வர்ற வரைக்கும் நல்லாத்தான் பயமா இருந்துச்சு" என்றாள். அவளோடு 2 நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் பூதத்தைத் தூக்கினேன். முதல் நன்றி அக்காவுக்கு.

பூதத்தைத் தூக்கியாயிற்று, அப்புறம் ஊர் எப்படிச் சாகும்? அதற்குப் பதில் அம்மாவின் ஊரில் கிடைத்தது. வாழ்நாளெல்லாம் கிணறு வெட்டி, தூர் வாரியே பிழைத்த தாத்தா ஒருவர், நான் கேட்டதைக் காதில் வாங்கிக்கொண்டு எதுவும் சொல்லாமல், அரிக்கேன் விளக்கைக் கயிற்றில் கட்டித் தோட்டத்துப் பாழுங்கிணற்றில் இறக்கினார். கொஞ்ச ஆழம் வரைக்கும் சாதாரணமாக எரிந்தது. அப்புறம் சுடர் சுருங்கி, திரியின் நுனி மட்டும் சிவப்பாகத் தெரிந்து, அதுவும் போய்விட்டது. மேலே இழுத்தார், கண்ணாடியைத் தூக்கிப் பற்றவைத்தார், மறுபடி இறக்கினார். கயிற்றில் அதே முடிச்சு கைக்கு வந்தபோது, அதே இடத்தில், மறுபடி அணைந்தது. "தம்பி, இதுக்குக் கீழ காத்து செத்துக் கெடக்கு" என்றார். அந்த வரி அப்படியே கதையில் இருக்கிறது. விழுந்தவனைத் தூக்குகிறேன் என்று இறங்குகிறவன்தான் அடுத்த பிணம் என்றும் அவர்தான் சொன்னார். மூன்று அண்ணன் தம்பிகள் வரும் அத்தியாயம் முழுக்க அந்தப் பேச்சிலிருந்து வந்தது.

புவியியல் படித்த மாமா மகனுக்கு அடுத்த நன்றி, கொஞ்சம் கோபத்தோடு. நான் ஏரியைப் பனிமலை உச்சியில் வைத்திருந்தேன். "அங்கே வருஷா வருஷம் மேல் தண்ணீர் குளிர்ந்து கனத்துக் கீழே இறங்கும், ஏரியே கலங்கிப் புரளும், ஆளைக் கொல்கிற வாயு அடியில் சேர வழியே இல்லை, வெப்பமான ஊரில் வை" என்றான். அவன் அனுப்பிய கட்டுரைகளில்தான் கேமரூன் நாட்டு நியோஸ் ஏரியைப் பற்றிப் படித்தேன். சுமார் 200 மீட்டர் ஆழம். அடியில் எரிமலைப் பாறையிலிருந்து கசிகிற கரியமில வாயு, மேலே இருக்கும் தண்ணீரின் அழுத்தத்தால் கரைந்தே கிடக்கும். கோலி சோடா மாதிரிதான், கோலியை அழுத்துகிற வரைக்கும் சமர்த்தாக இருக்கும். 1986 ஆகஸ்ட் 21 ராத்திரி ஏதோ ஒன்று அதைக் கிளப்பிவிட, ஏரி பொங்கி, காற்றைவிட ஒன்றரை மடங்கு கனமான வாயு பள்ளத்தாக்கு வழியாகத் தரையோடு தரையாக இறங்கி, சுமார் 25 கிலோமீட்டர் தள்ளி இருந்தவர்களைக்கூட விடவில்லை. 1,700-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அடித்தண்ணீரில் இருந்த இரும்பு மேலே வந்து காற்றுப் பட்டதும் ஏரி சிவந்துபோனது. என் ஊமைமடுவின் செந்நிறம் அங்கிருந்து எடுத்ததுதான்.

அதற்கு 2 வருஷம் முன்பு, அதே நாட்டில் மோனூன் ஏரிக்கரையில் 37 பேர் இப்படியே இறந்தார்கள். அங்கே நின்றுபோன ஒரு லாரியிலிருந்து இறங்கியவர்கள் செத்தார்கள், லாரியின் மேலே உட்கார்ந்திருந்த 2 பேர் பிழைத்தார்கள். அந்த உயர வித்தியாசம்தான். தோளில் உட்கார்ந்துவந்த குழந்தை மட்டும் பிழைக்கிற காட்சியைப் படித்துவிட்டு இது எப்படித் தோன்றியது என்று சிலர் கேட்டீர்கள். எனக்கு எதுவும் தோன்றவில்லை, நடந்ததுதான். நியோஸில் மணிக்கணக்காக நினைவிழந்து கிடந்து, விழித்துப் பார்த்தபோது வீட்டில் எல்லோரும் இறந்திருந்ததைச் சொன்னவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் சொன்னதை எடுத்துக் கதை பண்ணியிருக்கிறேனே என்கிற உறுத்தல் இன்னும் போகவில்லை. இந்த மடல் அவர்கள் கண்ணில் படப்போவதில்லை, இருந்தாலும் நன்றி அவர்களுக்கும்தான்.

வேதியியல் டீச்சர் (எனக்கு பிளஸ் டூவில் பாடம் எடுத்தவர், இன்னும் சிவப்புப் பேனாவோடுதான் படிக்கிறார்) ஒரு இடத்தில் பெரிய பெருக்கல் குறி போட்டிருந்தார். விளக்கு எரிந்தால் பயமில்லை என்று என் நாயகன் சொல்கிற இடம். "தப்பு. அழுகிய முட்டை நாற்றம் அடிக்கிற ஹைட்ரஜன் சல்ஃபைடு இருந்தால் விளக்கு அணையாது, ஆள் அணைந்துவிடுவான். அளவு கூடினால் நாற்றமும் மூக்குக்குத் தெரியாது. மீத்தேன் இருந்தால் உன் விளக்கே வெடி வைக்கும்." அந்த வசனத்தைப் பிடுங்கி வில்லனின் வாயில் வைத்தேன். கதை அங்கேதான் திரும்பியது. இதைப் படிக்கிற யாரும் விளக்கை நம்பிக் கிணற்றில் இறங்கிவிடாதீர்கள், சரியா?

வரைபடத்தை மூன்று தடவை திருத்திக் கொடுத்த சித்தி மகளுக்கு, ஏரியைப் பனிமலையிலிருந்து தெற்கே இழுத்துக்கொண்டு வந்ததற்கு மன்னிப்பும் 2 பிளேட் பிரியாணியும் பாக்கி. எழுத்துப் பிழை பார்த்தவர்களே, சந்திப்பிழையில் இன்னும் என்னைத் திட்டலாம்.

கிணற்றுத் தாத்தாவுக்கு இப்போது கண் சரியாகத் தெரியவில்லை, நான்தான் படித்துக்காட்ட வேண்டும். அடுத்த ஞாயிற்றுக்கிழமை போகிறேன். அரிக்கேன் கண்ணாடியைத் துடைத்து வைக்கச் சொல்லியிருக்கிறேன், அட்டைப்படத்துக்கு அந்த விளக்குத்தான் வேண்டும்.