சந்தி கடைக்காரர மட்டும் புடிச்சு என்ன பிரயோசனம்?

ஆசிரியர் அவர்களுக்கு,

அரிசி கூடின விலைக்கு வித்த கடைக்கு தண்டம்ன்னு அடிக்கடி செய்தி போடுறீங்க. நல்லது. ஆனா எப்ப பார்த்தாலும் மாட்டுறது கொட்டாஞ்சேனை, வெள்ளவத்தை பக்கம் உள்ள சின்னக் கடைக்காரர்தானே, அது ஏன்?

2024 டிசம்பர்ல நாட்டரிசி ஒரு கிலோ மொத்த விலை 225 ரூபா, சில்லறை விலை 230 ரூபாக்கு மேல போகக்கூடாதுன்னு கவர்மென்ட் போட்டிச்சு. அந்த அஞ்சு ரூபாய்க்குள்ள லொறிக் கூலி, சொப்பிங் பேக், கரண்ட் பில் எல்லாம் பார்க்கணும், அதுவும் 225க்கு சாமான் கெடைச்சாத்தான், அந்த விலைக்கு கெடைக்கவே இல்லன்னு கடைக்காரங்க அப்ப கத்துனாங்க. நெல்ல வாங்கி மாசக்கணக்குல ஸ்டோர்ல வச்சிருக்க காசு உள்ளது பெரிய ஆலைக்காரங்க கொஞ்சப் பேருக்குத்தான். அறுவடை நேரம் விவசாயிக்கு அவங்க சொன்னதுதான் விலை, தட்டுப்பாடு வந்தா நமக்கும் அவங்க சொன்னதுதான் விலை.

யாரும் பேசாத விஷயம் ஒண்ணு இருக்கு. 1987ல வந்த நியாய வர்த்தக ஆணைக்குழு சட்டத்துல ஏகபோகத்தையும் கம்பனிகள் ஒண்ணா சேர்றதையும் விசாரிக்க அதிகாரம் இருந்திச்சு. 2003ல பாவனையாளர் அலுவல்கள் அதிகார சபை சட்டம் வந்தப்ப அத விட்டுட்டாங்க. அதுக்குப் பிறகு 2018ல எடிசலாட் ஹட்சோட சேர்ந்திச்சு, 2024ல எயார்டெல் டயலொக்கோட, அஞ்சா இருந்த மொபைல் கம்பனி இப்ப மூணு. நஷ்டத்துல ஓடினா யாரு டவர் போடுவாங்கன்னு கேப்பீங்க, அதுவும் நியாயம்தான், ஆனா நாளைக்கு டேட்டா பெக்கேஜ் விலை என்னாகும்ன்னு பாவனையாளர் பக்கத்துல இருந்து பார்க்க ஒரு ஆள் வேணாமா?

அரசாங்கமே எடுத்து நடத்தினா சரியாயிரும்ன்னு சொல்றவங்க கேஸ் கதையப் பார்க்கணும். 1995ல அரசாங்க கேஸ் கம்பனிய ஷெல்லுக்கு வித்தாங்க, அஞ்சு வருஷம் வேற யாரும் வரக்கூடாதுன்னு எழுதியும் குடுத்தாங்க. 2010ல 63 மில்லியன் டொலருக்கு திரும்ப வாங்கினாங்க, இப்ப அதுதான் லிட்ரோ. 2022ல என்ன நடந்திச்சு? டொலர் இல்லாததுதான் காரணம், ஒத்துக்கிறேன், ஆனா முழு நாடும் ரெண்டே கம்பனிய நம்பி இருந்ததால ரோட்டுல வெறும் சிலிண்டர வரிசையா வச்சிட்டு நிக்கிறத தவிர வேற வழியும் இருக்கல.

அதனால கொழும்பு எம்.பி.மாருக்கு உங்க பேப்பர் மூலமா ரெண்டு கோரிக்கை. 2003ல விட்டுப்போன அதிகாரத்த புதுசா ஒரு போட்டிச் சட்டத்துல திரும்ப கொண்டு வாங்க. எந்த ஆலை ஸ்டோர்ல எவ்வளவு நெல் இருக்குங்கிறத மாசாமாசம் பகிரங்கமா போடுங்க. ரெய்ட் போறவங்களும் அந்த லிஸ்ட்ட கையில வச்சிட்டு பெரிய ஆலைங்க உள்ள பொலன்னறுவை பக்கம் ஒருக்கா போகட்டும்.

இப்படிக்கு,
கொட்டாஞ்சேனை வாசகர் ஒருவர்