முதலில் டேப், பிறகு தூரிகை

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

திரைத்துறை வேலைகள் பற்றிய தங்கள் கட்டுரை, நன்றாக வரையத் தெரிந்தால், செட்டும் காட்சிப் பொருட்களும் தயார் செய்யும் ஆர்ட் டிபார்ட்மென்டில் சேர்ந்துவிடலாம் என்கிறது. வரையத் தெரிய வேண்டும்தான். ஆனால் புதிய உதவியாளரின் கையில் முதலில் கொடுப்பது அளவு டேப்.

திரைக்கதையைக் காட்சிவாரியாகப் பிரிப்பதில் வேலை தொடங்கும்: உள்ளா வெளியா, பகலா இரவா, காட்சியில் வரும் பொருட்களான பிராப்பர்ட்டி என்னென்ன, அதில் எது உடையப்போகிறது. ஒரே ஷாட்டைத் திரும்பத் திரும்ப எடுக்கும் ஒவ்வொரு டேக்குக்கும் உடையும் பொருள் புதிதாக வேண்டும். சுவரைக் கழற்றிவிட்டு கேமராவைப் பின்னுக்கு நகர்த்த வேண்டுமானால் நிஜ வீடு உதவாது, செட்தான். அதன் வரைபடம் பெரும்பாலும் 1:50 அளவில், அதாவது நிஜ அளவில் ஐம்பதில் ஒரு பங்காக இருக்கும்.

லொக்கேஷன் பார்க்கப் போகிறவர்கள் இடத்தின் அழகில் மயங்கிக் கணக்கை மறந்துவிடுகிறார்கள். நான்கு மூலைகளிலிருந்தும் எதிர் மூலையைப் படமெடுக்க வேண்டும். கூரை தாழ்வாக இருந்தால் மேலே கட்டும் விளக்கு ஃபிரேமுக்குள் வந்துவிடும். வாசல் குறுகலானால் கேமராவை வைத்துத் தள்ளும் டிராலி நுழையாது. காட்சி எடுக்கப்போகும் அதே நேரத்தில், அதே கிழமையில் போய்ப் பார்ப்பது முக்கியம். ஞாயிற்றுக்கிழமை அமைதியாக இருந்த தெருவில் திங்கட்கிழமை பள்ளி மணி அடிக்கும். ஐந்து நிமிடம் பேசாமல் நின்று கேட்டால் லிஃப்ட், ஃபிரிட்ஜ், பக்கத்துக் கட்டட வேலை எல்லாம் காதில் விழும். 'டப்பிங்கில் பார்த்துக்கொள்ளலாம்' என்பவர்கள் நேரடி ஒலிப்பதிவுப் படத்தில் வேலை செய்யாதவர்கள்!

ஜெனரேட்டர் சத்தம் மைக்கை எட்டக்கூடாது. அதற்காகத் தூரத்தில் தள்ளி நிறுத்தினால், கேபிள் நீள நீள மின்னழுத்தம் குறையும். தடித்த கேபிள் தேவைப்படும். லாரி நிறுத்துமிடம், கழிப்பறை இரண்டையும் அப்போதே பார்த்துவிட வேண்டும்.

சண்டை வருவது ஒப்பந்தத்தில்தான். படப்பிடிப்பு நாட்களை மட்டும் எழுதிவிட்டு, இடத்தைத் தயார் செய்யும் நாட்களையும் பழையபடி ஆக்கித் தரும் நாட்களையும் விட்டுவிடுகிறார்கள். வாடகைக்கு இருப்பவரின் கையெழுத்து மட்டும் இருந்தால், உரிமையாளர் வந்து நிறுத்திவிடலாம். உரிமையாளர் சம்மதித்தாலும் வாசலுக்கு வெளியே உள்ள சாலைக்கு அது செல்லாது. தனி அனுமதி வேண்டும். சாமான் இறக்குமுன் சுவர், தரை எல்லாவற்றையும் தேதியோடு படமெடுத்து வைக்காவிட்டால், பழைய விரிசலும் நம் கணக்கில் ஏறும்.

வேலை கேட்டு வருபவர்கள் ஓவியங்களோடு, ஓர் அறையைத் தாங்களே அளந்து வரைந்த தரைப்படத்தையும் அந்த அறையின் புகைப்படங்களையும் கொண்டுவரட்டும். ஆர்ட் டைரக்டர் முதலில் புரட்டுவது அந்தப் பக்கங்களைத்தான். அடுத்த கட்டுரையில் இதையும் சேர்க்க வேண்டுகிறோம்.

இப்படிக்கு,
கலைத்துறை உதவியாளர்கள் சிலர்