கையெழுத்துப் போடாதே, சாந்தி

செல்லூர், மதுரை
ஐப்பசி 20

அன்புள்ள சாந்திக்கு,

இங்கே எல்லோரும் சுகம். சித்திரையில் அழகர் ஆற்றில் இறங்குவதைப் பார்க்க வருகிறேன் என்று ஏமாற்றியதற்கு உன்னை நேரில்தான் கவனிக்க வேண்டும்.

உன் அப்பாவைப் பார்த்துக்கொள்ள விருப்ப ஓய்வு எழுதிக் கொடுக்கப் போகிறாயாம். பத்மா சொன்னாள். கேட்டதிலிருந்து எனக்குத் தூக்கமில்லை. போனில் நீ என்னைப் பேசவிட மாட்டாய், காலேஜ் நாளிலேயே அப்படித்தான். அதனால்தான் கடிதம்.

அத்தைக்கு மாசியில் கை கால் இழுத்துக்கொண்டது உனக்குத் தெரியும். அன்றிலிருந்து ஏழு மாதம் நான் ஒருத்திதான் பார்த்தேன். மூக்கு ட்யூபில் கஞ்சி கொடுப்பதென்றால் தலைப்பக்கத்தை உயர்த்தி வைக்கணும், கொடுத்து முடித்தும் அரைமணி நேரம் சாய்க்கக் கூடாது, நுரையீரலுக்குப் போய்விடும். ஒரு நாளைக்கு ஆறு தடவை இப்படி. நடுவில் டயப்பர், துணி, மருந்து, வீட்டுச் சமையல். ஆடியில் தைக்க வந்த பிளவுஸையெல்லாம் திருப்பிக் கொடுத்துவிட்டு மிஷினுக்கு உறை போட்டேன். பார்க்க வந்தவர்களெல்லாம் "பெத்த மக மாதிரி பாக்குறா" என்றார்கள். அதைக் கேட்டுக் கேட்டே நாள் ஓடியது.

புரட்டாசியில் அத்தைக்கு முதுகுக்குக் கீழே படுக்கைப் புண் வந்துவிட்டது. மக்களைத் தேடி மருத்துவம் என்ற அரசுத் திட்டத்தில் வீட்டுக்கு வரும் நர்ஸம்மாதான் கண்டுபிடித்தார். "ராத்திரி எத்தன தடவம்மா திருப்பிப் போடுறீங்க?" என்றார். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை திருப்ப வேண்டுமாம். நான் பதினொன்றுக்கு விழுந்தால் நாலு மணிக்குத்தான் எழுவேன். பாசத்தில் குறை வைக்கவில்லை சாந்தி, உடம்பால் முடியவில்லை. அந்தப் புண்ணைத் துடைக்கும்போது அத்தை முனகியது இன்னும் காதில் இருக்கிறது.

அப்புறம்தான் ஆள் வைத்தோம். மாரியம்மா, உசிலம்பட்டிப் பக்கம். நாங்கள் ஏஜென்சிக்குக் கொடுப்பது மாதம் 22,000, அவள் கைக்குப் போவது 15,000. சமையல், பாத்திரம் அவள் வேலையில்லை, மாதம் 2 நாள் லீவு, ராத்திரியில் தூங்க நேரம் விடணும் என்று ஏஜென்சிக்காரர் முதல் நாளே சொன்னார். கொழுந்தனார் உடனே தலையாட்டினார். "பாவம், அதுவும் மனுஷிதான" என்றார். நான் அடுப்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். இந்த ஏழு மாதத்தில் என்னைப் பார்த்து அந்த வார்த்தையை யாரும் சொன்னதில்லை.

மாரியம்மா மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை. அடியில் விரித்த துணியைப் பிடித்து அத்தையைப் பூப்போலப் புரட்டுகிறாள். நான் கக்கத்தில் கை கொடுத்து இழுத்து இழுத்துத்தான் தோளை நோகடித்திருக்கிறேன். ஆனால் அத்தை கண்ணை இறுக்கினால் அது வலியா கோபமா என்று அவள் என்னைத்தான் கேட்கிறாள். அவளுடைய அம்மாவும் ஊரில் படுக்கையில்தான். பள்ளிக்கூடத்தை நிறுத்திய மூத்த மகள் பார்த்துக்கொள்கிறது. இங்கே சம்பளத்துக்கு நடக்கும் அதே வேலைக்கு அந்தப் பிள்ளைக்கு என்ன உண்டு? அதை நினைத்தால் சோறு இறங்கவில்லை.

மாரியம்மா லீவு நாளில் யார் பார்ப்பது என்று கேட்டேன். "அதான் நீங்க இருக்கீங்களே அண்ணி" என்றார் கொழுந்தனார். முடியாது என்றேன், கல்யாணமாகி வந்த இருபத்தெட்டு வருஷத்தில் முதல் தடவையாக. 2019-ல் மத்திய அரசு எடுத்த நேரக் கணக்கெடுப்பை என் மகன் போனில் எடுத்து வாசித்தான். வீட்டில் இருப்பவர்களைப் பராமரிக்கிறவர்களில் பெண்ணுக்கு நாளுக்குச் சராசரி 134 நிமிடம், ஆணுக்கு 76. வீட்டு வேலை தனி, அதில் 299-க்கு 97. அத்தை இருக்கிற அறைக்குள்ளேயேதான் வாசித்தான். இவர் ஒன்றும் பேசவில்லை. போன சனிக்கிழமை கொழுந்தனார் வந்து ராத்திரி முழுக்க அத்தையோடு இருந்தார். காலையில் காபி டம்ளரைப் பிடித்த கை நடுங்கியது.

சவுதியில் சம்பாதித்துக் கணவர் வாங்கிய சொத்தில், ஊரில் குடும்பத்தைப் பார்த்த மனைவிக்கும் பாதி உண்டு என்று 2023 ஜூனில் சென்னை உயர்நீதிமன்றம் சொன்னபோது எனக்கு போன் போட்டுக் குதித்தவள் நீதானே? உன் விஷயத்தில் மட்டும் அது எங்கே போச்சு? பெங்களூர்த் தம்பிக்கு அவர் அப்பா இல்லையா? பணமா, ராத்திரியா, லீவு நாளா, எதை ஏற்கிறான் என்று முதலில் கேள். சம்பளமில்லாத லீவு கிடைக்குமா பார். அப்பா பெயரை ஆரம்ப சுகாதார நிலையத்தில் பதிவு செய், பிசியோதெரபிக்கு வீட்டுக்கே வருவார்கள். அதுவரை எதிலும் கையெழுத்துப் போடாதே. உன் அப்பாவை நீ எப்படிப் பார்ப்பாய் என்று எனக்குத் தெரியும். அதுதான் எனக்குப் பயமே.

மிஷினுக்குப் புது பெல்ட் போட்டாயிற்று. உன் பச்சைப் பட்டு பிளவுஸ் துணி இன்னும் என் பீரோவில்தான் இருக்கிறது. அளவு பிளவுஸ் ஒன்று அனுப்பு, பழைய அளவு உனக்கு இனிப் பத்தாது.

தம்பியிடம் பேசிவிட்டு உடனே எழுது.

உன்,
விஜயா