தவில் பேசும் படம்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஆவணப்பட இயக்குநர் அம்ஷன் குமாரைப் பற்றி நம் பத்திரிகைகள் இன்னும் நிறைய எழுத வேண்டும். கி.ராஜநாராயணனின் ‘கிடை’ குறுநாவலை ‘ஒருத்தி’ என்று படமாக்கியவர் என்றால் சிலருக்கு நினைவு வரலாம். ஆனால் பாரதியார், அசோகமித்திரன், வங்க நாடகாசிரியர் பாதல் சர்க்கார் என்று எழுத்தாளர்களையும் கலைஞர்களையும் ஆவணப்படங்களில் பதிவு செய்ததுதான் அவருடைய பெரிய உழைப்பு என்பேன்.

யாழ்ப்பாணம் தெட்சணாமூர்த்தி பற்றிய படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். ஈழத்தின் அந்தத் தவில் மேதை 1975இல் மறைந்துவிட்டார். நாவல் என்றால் புத்தகம் இருக்கும். தவில்காரர் போனால் என்ன மிஞ்சும்? சில ஒலிப்பதிவுகள், கூட இருந்து கேட்டவர்களின் நினைவுகள், அவ்வளவுதான். அவர்களுக்கும் வயதாகிக்கொண்டே போகிறது. இத்தனை ஆண்டுகள் கழித்து ஒருவர் அதைத் தேடிப் போய்ப் படமாக்கினாரே என்பதே எனக்கு நெகிழ்ச்சி. அப்படத்துக்கு தேசிய விருதும் கிடைத்தது, சரி. ஆனால் எத்தனை பேர் பார்த்தோம்?

ஆவணப்படத்துக்குத் திரையரங்கும் இல்லை, வசூலும் இல்லை. மாவட்ட நூலகங்களில் மாதம் ஒரு ஞாயிறு மாலை இத்தகைய படங்களைத் திரையிடலாம். ஒரு புரொஜெக்டரும் ஐம்பது நாற்காலிகளும் போதும். அசோகமித்திரன் படத்திலிருந்தே தொடங்கலாம். அவர் 2017இல் மறைந்தார். அவரைப் படித்துக்கொண்டிருக்கும் இன்றைய கல்லூரிப் பிள்ளைகள் அவரைத் திரையிலாவது பார்க்கட்டும்.

– வாசகர், கும்பகோணம்